குறைத்துச் சொல்லாத அக்கா

திருப்பதியிலிருந்து சித்தூர் போகும் பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்துவிட்டால், சந்திரகிரி தாண்டுவதற்குள் எனக்குக் கண் சொக்கிவிடும். முழுத் தூக்கம் இல்லை. கண்டக்டரின் குரல் காதில் இருந்துகொண்டேதான் இருக்கும். அதற்கு மேல் ஏதேதோ முகங்கள் வரும், போகும். அப்படி அடிக்கடி வருகிறவர் ஓர் அக்கா. நான் வக்கீல் தொழிலில் தனியாக உட்கார்ந்த புதிதில் எனக்குக் கட்சிக்காரராக வாய்த்தவர். பெயரைச் சொல்ல மாட்டேன். கட்சிக்காரர் பெயரை வெளியே சொல்வது தொழிலுக்கு ஆகாது. தவிர, ஒருநாளும் நான் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதும் இல்லை.

அரைத்தூக்கத்தில் வரும்போதுகூட அவர் எதையாவது மெச்சிக்கொண்டுதான் வருவார். எதிரே தெரியும் மலையை மெச்சுவார், முன் சீட்டுக் குழந்தையின் சப்பை மூக்கை மெச்சுவார், டிரைவர் வளைவில் வண்டியைத் திருப்பிய அழகை மெச்சுவார். நேரில் இருந்தபோதும் அவர் அப்படித்தான். எந்தப் பொருளையும் ஒரு படி இறக்கிச் சொல்ல அவருக்கு நாக்கு வராது. அந்த நாக்கை வைத்துக்கொண்டு அவர் கோர்ட்டுக்கு வந்ததுதான் என் தலையெழுத்து.

அவருக்குத் தையல் தொழில். திருப்பதியில் எங்கள் தெருவுக்கு அடுத்த தெருவில், வரிசையாக ஐந்தாறு குடித்தனங்கள் இருந்த ஒரு வீட்டில் முன் போர்ஷன் அவருடையது. கணவர் போய் வெகுகாலம் ஆகியிருந்தது, பிள்ளைகள் இல்லை. கோர்ட்டுக்குப் போட வெள்ளை ரவிக்கை தைப்பதற்காக முதன்முதல் நான் அங்கே போனேன். நகரியில் தறிக்காரர்கள் கழித்துப் போட்ட துணியை யாரோ வண்டியில் வைத்து விற்றதை மலிவாக வாங்கியிருந்தேன். ரொம்ப மட்டமான துணி அக்கா, சும்மா போட்டுக் கிழிக்கத்தான் என்று சொல்லி நீட்டினேன். அவர் அதைச் சட்டென்று வாங்கி மடியில் வைத்துக்கொண்டு குரலைத் தாழ்த்தினார்.

"மெல்ல பேசு லாயரம்மா. துணி கேட்டுக்கினு கீது."

கேலி செய்கிறார் என்று நினைத்துச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. அந்தக் கழிசல் துணிக்கு உள்துணி கொடுத்து, கழுத்துக்குப் பட்டி வைத்து, பட்டுத்துணிக்குச் செய்கிற மரியாதையெல்லாம் செய்து தைத்துக் கொடுத்தார். எவ்வளவு என்று கேட்டால் மட்டும் பதில் வராது. "பாத்துக் குடு" என்று மிஷின் பக்கம் திரும்பிக்கொள்வார். உலகத்தில் அவர் மதிப்புப் போடாத ஒரே பொருள் அவருடைய கைவேலை.

காய்கறி மார்க்கெட்டுக்கு அவரோடு போக அந்தத் தெருப் பெண்கள் பயப்படுவார்கள். கீரைக்காரி ஒரு விலை சொன்னால் இவர் அதற்கு மேலே கேட்பார். விடிவதற்குள் பறித்து, கழுவி, கட்டி, பஸ் பிடித்துக் கொண்டுவந்தது இந்த விலையா என்று கீரைக்காரியிடமே சண்டை பிடிப்பார். கூடப் போனவர்கள் அன்றைக்குப் பேரம் பேசவே முடியாது. அந்த அம்மாவைத் தூரத்தில் பார்த்ததுமே கீரைக்காரி கட்டைப் பிரித்துச் சின்னதாகக் கட்டிவிடுகிறாள் என்று ஒரு புகார் கூட உண்டு. அது உண்மையோ என்னவோ எனக்குத் தெரியாது.

வெகுளி என்று நினைத்துவிடக் கூடாது. ஏமாற்ற வருகிறவனை அவர் கண்ணாலேயே வாசலில் நிறுத்திவிடுவார். நல்லதைத் தெரிந்துகொண்டு நல்லது என்று சொல்கிறவர், அவ்வளவுதான். அதனால் மற்றவர்களுக்கு வந்த சங்கடம் கொஞ்சநஞ்சம் இல்லை. ஒருமுறை வீட்டுக்காரர் வாடகை ஏற்ற வந்தார். குடித்தனக்காரர்கள் எல்லோரும் முன்கூட்டியே பேசி வைத்திருந்தார்கள். ஒருவர் ஒழுகும் கூரையைச் சொன்னார், ஒருவர் உப்புத்தண்ணீரைச் சொன்னார், ஒருவர் கொசுவைச் சொன்னார். வீட்டுக்காரர் முகம் இறங்கி, ஏற்றுவதைப் பாதியாக்கிக்கொள்ளலாமா என்ற நிலைக்கு வந்துவிட்டார். கடைசியில் இவர் பக்கம் திரும்பி, நீங்கள் என்னம்மா சொல்கிறீர்கள் என்று கேட்டிருக்கிறார். இவர் ஜன்னலைக் காட்டி, சாயங்காலத்தில் மலையிலிருந்து வருகிற காற்று ஒன்றுக்கே வாடகை கொடுக்கலாம் என்றாராம். அந்த மாதத்திலிருந்து எல்லோருக்கும் வாடகை ஏறியது. அந்த வீட்டில் கொஞ்ச நாள் அவரோடு யாரும் பேசவில்லை. தனக்கும் சேர்த்துத்தானே ஏறியது என்று அவர் என்னிடம் நியாயம் கேட்டார்.

அவருடைய அப்பா வைத்த மாந்தோப்பு பங்காருபாளையத்துக்கு வெளியே இருந்தது. அப்பா காலமான பிறகு தம்பி அதைப் பார்த்துக்கொண்டார். கொஞ்ச காலம் எல்லாம் சுமுகமாகத்தான் போனது. தம்பிக்கு பேங்கில் கடன் வாங்க வேண்டிவந்தபோது, பத்திரம் தன் ஒருவர் பெயரில் இருக்க வேண்டும் என்று அக்காவிடம் விடுதலைப் பத்திரம் எழுதி எடுத்துக்கொண்டு வந்தார். அக்கா தன் பங்கை விட்டுக்கொடுக்கிறேன் என்று அதில் கையெழுத்துப் போட வேண்டும். போட்டிருப்பார். ஆனால் பத்திரம் எழுதியவர், கைக்குக் கொடுக்கும் சிறு தொகைக்கு ஒரு காரணம் வேண்டுமே என்று, கல்லு பூமி, காய்ப்பு இல்லாத மரங்கள், வருமானம் ஏதும் இல்லை என்று எழுதி வைத்திருந்தார். அக்காவுக்குத் தெலுங்கு நன்றாகப் படிக்க வரும். படித்தார். காகிதத்தை மடித்துத் தம்பி கையில் கொடுத்துவிட்டார். தொகை போதவில்லை என்று கோபித்துக்கொண்டாள் என்று தம்பி நினைத்தார். தோப்பின் கேட்டுக்குப் பூட்டு விழுந்தது. பேச்சும் நின்றது.

எனக்கு இது தெரியவந்தது பூட்டு விழுந்து பல வருஷம் கழித்து. ஒருநாள் தைத்த ரவிக்கையைக் கொடுக்க வந்தவர் கிளம்பாமல் உட்கார்ந்துகொண்டிருந்தார்.

"ஊசில நூல் கோக்க முடியல லாயரம்மா. பக்கத்து வூட்டுப் பொண்ண கூப்ட்டுக்கினு கீறேன். இன்னும் எத்தினி நாளைக்கி? எங்க நைனா தோட்டத்துல என் பங்க வாங்கிக் குடு. ஒரு ரூம் போட்டுக்கினு அங்க போய் இருந்துடறேன்."

அவ்வளவுதான் அவர் கேட்டது. கண் போகிறது, அதற்கு முன்னால் போய்ப் படுக்க ஓர் இடம் வேண்டும்.

இங்கே கொஞ்சம் சட்டம் சொல்லியாக வேண்டும், பயப்பட வேண்டாம், கொஞ்சம்தான். பங்கு கேட்டு வழக்குப் போடுகிறவர், சொத்து தன் அனுபவத்தில் இல்லையென்றால், கேட்கிற பங்கின் சந்தை விலைக்குத் தக்கபடி கோர்ட்டுக்குக் கட்டணம் கட்ட வேண்டும். விலை கூடினால் கட்டணம் கூடும். அதனால் வழக்குப் போடுகிறவர்கள் தங்கள் சொத்தை எவ்வளவு மட்டம் தட்டலாமோ அவ்வளவு தட்டுவார்கள். எதிராளி சும்மா இருப்பாரா? மதிப்பு தப்பு, சொத்து தங்கம், இவர் கட்டிய கட்டணம் போதாது என்று மனுப் போடுவார். மதிப்பு ஏறி, கட்டணம் கட்ட முடியாமல் போனால் வழக்கு வாசலோடு போய்விடும். உள்ளே வந்து உரிமை யாருக்கு என்று பேசவே வேண்டியதில்லை. காக்கைக்கும் தன் குஞ்சு பொன்குஞ்சு என்பார்கள். கோர்ட்டு வாசலில் மட்டும் காக்கை தன் குஞ்சைக் கரிக்கட்டை என்று சத்தியம் செய்யும். பறிக்க வந்த பருந்துதான் அதைப் பொன் என்று வாதாடும்.

இதை நான் அக்காவுக்குச் சொன்னேன். கேட்டுக்கொண்டார். வழக்குக் காகிதம் தயாரானதும், பக்கம் பக்கமாகப் படித்துச் சொல்லிக் கையெழுத்து வாங்கினேன். மதிப்புப் பற்றிய பத்திக்கு வந்தேன். மானாவாரி நிலம், கல் அதிகம், கிணற்றில் தண்ணீர் இல்லை, மரங்கள் வயதானவை. பேனாவைக் கீழே வைத்தார். தம்பி பத்திரத்தில் எழுதியதையே நீயும் எழுதியிருக்கிறாயே என்று கேட்டார். அது உன்னை ஏமாற்ற எழுதியது, இது உனக்கு இடம் வாங்கித் தர எழுதியது என்றேன். எழுத்து ஒன்றுதானே என்றார். பிறகு கையெழுத்துப் போட்டார். மற்றப் பக்கங்களில் பெரிதாகப் போட்டவர், அந்தப் பக்கத்தில் மட்டும் ஓரமாக, சிறிதாகப் போட்டார்.

எதிர்பார்த்தபடியே தம்பியின் வக்கீல் மதிப்பை எதிர்த்து மனுப் போட்டார். அதன் நகல் வந்த அன்று அக்கா என் அறையில் இருந்தார். படிக்கச் சொன்னார். படித்தேன். வருஷம் முழுவதும் ஊறுகிற கிணறு, செம்மண், நெடுஞ்சாலைக்குக் கூப்பிடு தூரம். பேனிஷாவும் தோதாபுரியும் நீலமும் கொத்துக்கொத்தாகக் காய்க்கிற மரங்கள், மண்டி வியாபாரிகள் பூவிலேயே வந்து பேசிவிடுகிற தோப்பு, சுற்றுவட்டாரத்தில் இதற்கு ஈடு இல்லை. தம்பியின் கையெழுத்து கீழே இருந்தது. அக்கா கண்ணை மூடிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். முடித்ததும், "இன்னொரு தபா படி" என்றார். சிக்கலான விஷயம், புரியவில்லை போலிருக்கிறது என்று நினைத்து நிதானமாக மறுபடியும் படித்தேன்.

தோப்பைப் பார்த்து அறிக்கை கொடுக்க, நீதிபதி ஓர் இளம் வக்கீலைக் கமிஷனராக அனுப்பினார். அக்கா தானும் வருவதாகச் சொன்னார். சட்டப்படி வரலாம். ஆனால் வாயைத் திறக்கக் கூடாது, நீ எதை மெச்சினாலும் அது உன் தலையில்தான் விடியும் என்று கெஞ்சாத குறையாகச் சொன்னேன். "வாயில குண்டூசி வச்சிக்கினு வரேன், போதுமா" என்றார். தைக்கும்போது அவர் அப்படித்தான் வைத்துக்கொள்வார். நான் நம்பினேன்.

காய் முற்றியிருந்த காலம். தம்பி பூட்டைத் திறந்தார். ஒல்லியான மனிதர், விரலெல்லாம் மாம்பால் பட்டுக் கறுத்திருந்தது. அக்கா பக்கம் அவர் பார்க்கவில்லை. நாங்கள் உள்ளே போனோம். வெளியே தார் உருகுகிற வெயில், உள்ளே பச்சையாக ஒரு மங்கல். கிளைகள் தலைக்குமேல் பின்னிக்கொண்டு, காய்கள் தோளை இடிக்கிற உயரத்தில் தொங்கின. காலடியில் சருகு, எங்கேயோ ஒரு குயில், காற்றில் மாம்பால் வாசம். எல்லோருக்குமே நடை தானாக மெதுவாகிவிட்டது. தம்பியின் வக்கீல் ஒவ்வொரு மரமாகக் காட்டிப் புகழ்ந்துகொண்டு வந்தார். நான் ஒவ்வொன்றாக இகழ்ந்துகொண்டு வந்தேன். கமிஷனர் இரண்டையும் எழுதிக்கொண்டார். அக்கா பின்னால், ஒவ்வொரு மரத்தையும் உள்ளங்கையால் தொட்டுவிட்டு வந்துகொண்டிருந்தார். இன்று நினைத்தாலும் அது நடந்ததா, பஸ்ஸில் கண்டதா என்று எனக்கு ஒரு மயக்கம் வரும்.

கிணற்று மேட்டில் பெரிய மரம் ஒன்று நின்றது. சுற்றிலும் எல்லாம் காய்த்துக் குலுங்க, அதில் ஒரு காய் இல்லை. இலை பாதி கொட்டியிருந்தது, அடிமரம் முழுக்கத் துளை. எனக்குக் கும்பிடப்போன சாமி குறுக்கே வந்த மாதிரி இருந்தது. கமிஷனரைக் கூப்பிட்டு, இதைப் பாருங்கள், இது மரமா, வெறும் விறகு என்றேன்.

"விறகுன்னு சொல்லாத லாயரம்மா."

திரும்பிப் பார்த்தேன். குண்டூசி எல்லாம் கொட்டிவிட்டது. அக்கா நேராகக் கமிஷனரிடம் போனார். இது காலேபாடு ஜாதி, தோப்பிலேயே முதல் மரம், இதன் பழத்தை அப்பா மண்டிக்கு விட்டதே இல்லை, உறவுக்காரர்களுக்குத்தான், இனிப்பில் இதற்கு முன்னால் எதுவும் நிற்காது என்று அடுக்க ஆரம்பித்தார். அதோடு விட்டாரா? எதிர் வக்கீல் சொல்லாமல் விட்ட மரங்களையும் கைகாட்டிச் சேர்த்தார். தண்ணீர் இல்லை என்று நான் எழுதியிருந்த கிணற்றை எட்டிப் பார்த்து, அடியில் ஊற்று இருக்கிறது, வெயில் காலத்திலும் வற்றாது என்றார். எதிர் வக்கீல் முகம் மலர்ந்து, வாதியே சொல்கிறார், எழுதிக்கொள்ளுங்கள் என்றார். என் கால் அங்கேயே வேர் பிடித்துவிட்டது.

அப்போது தம்பி வாயைத் திறந்தார். அத்தனை வருஷத்துக்குப் பிறகு அவர் அக்காவிடம் பேசிய முதல் பேச்சு அது.

"இல்லக்கா. இது காய்ச்சி மூணு வருசம் ஆச்சி. வண்டு துளைச்சிடுச்சி. மருந்து அடைச்சிக்கினேதான் கீறேன், நிக்கல."

அவருடைய வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தார். தம்பி கவனிக்கவில்லை. அக்கா மரத்தடியில் குனிந்துவிட்டார். துளைக்குள் பஞ்சில் மருந்து நனைத்து வைத்து, மேலே களிமண் பூசியிருந்ததை விரலால் தொட்டுப் பார்த்தார். மண்ணை இன்னும் கெட்டியாகக் குழைத்திருக்க வேண்டும் என்றார். தம்பியும் குனிந்தார். இந்தப் பக்கத்துத் துளையைப் பார், அந்தப் பக்கத்தைப் பார் என்று இரண்டு பேரும் மரத்தைச் சுற்றி வந்தார்கள். வேரில் ஈரம் இருக்கிறது, அடுத்த மழைக்குத் தழைத்துவிடும் என்று அக்கா சாதித்தார். தழையாது, போனது போனதுதான் என்று தம்பி மறுத்தார். விலை ஏறினால் வழக்கை இழக்கப் போகிறவர் மரத்தைத் தூக்கி நிறுத்துகிறார். விலை ஏறினால் வழக்கை ஜெயிக்கப் போகிறவர் மரம் செத்துவிட்டது என்று கண் கலங்குகிறார். கமிஷனர் பேனாவை நிறுத்திவிட்டு, "வாதி எவரண்டி இக்கட?" என்று என்னைக் கேட்டார். இதில் வழக்குப் போட்டது யார் என்று அந்தப் பிள்ளைக்கே குழப்பம் வந்துவிட்டது.

திரும்பி வரும்போது நான் கோபத்தில் அக்காவோடு பேசவில்லை. அவர் ஜன்னலில் தலையைச் சாய்த்துக்கொண்டு நிம்மதியாகத் தூங்கினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

உத்தரவு வந்தது. தம்பி சொன்ன மதிப்பையே நீதிபதி ஏறக்குறைய ஏற்றுக்கொண்டார். வாதியே தன் வாயால் புகழ்ந்திருக்கும்போது வேறென்ன செய்வார்? கட்டணத்தில் குறைகிற மீதியைக் கெடுவுக்குள் கட்ட வேண்டும், அல்லது கட்டியதற்குத் தக்கபடி கேட்பதைக் குறைத்துக்கொள்ளலாம். இரண்டும் இல்லையென்றால் வழக்கு தள்ளப்படும். அந்தக் கட்டணத்தை அக்கா மிஷினை விற்றாலும் கட்ட முடியாது. வசதி இல்லாதவர் என்று மனுப் போட்டால் கட்டணம் இல்லாமலே வழக்கை நடத்த வழி இருந்தது. அதைச் சொன்னேன்.

"ஒண்ணும் இல்லாதவன்னு எழுதணுமா? அம்மாம் பெரிய தோட்டத்துல பாதி என்னுதுன்னு நீதானே எழுதின?"

வழக்கில் இருக்கும் சொத்தைச் சட்டம் கணக்கில் எடுக்காது அக்கா என்றேன். சட்டத்துக்குக் கண் தன்னைவிட மோசம் போலிருக்கிறது என்றார். சிரித்தார். பிறகு, கேட்பதைக் குறைத்துக்கொள்ளலாம் என்று ஜட்ஜி எழுதியிருக்கிறாரே, அது என்ன என்று கேட்டார். நான் அதை ஒரு பேச்சுக்குக்கூட நினைத்திருக்கவில்லை. பாதித் தோப்பு வர வேண்டியவருக்கு, இந்த விலையில், கட்டிய கட்டணத்துக்குக் கிணற்று மேட்டோரம் ஒரு துண்டுதான் மிஞ்சும். ஒரு ரூம், நாலு மரம். சொன்னேன். அது போதும், அப்படியே எழுது என்றார். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. மேலே போய் முறையிடலாம், விலையைக் குறைக்கப் பார்க்கலாம், நீ மட்டும் உன் வாயைக் கட்டினால் போதும் என்று கத்தினேன். அவர் நான் ஓய்கிறவரை காத்திருந்தார்.

"வெலையக் கொறச்சா தோட்டத்துக்குக் கொறச்சல். பங்கக் கொறச்சா எனக்குத்தானே?"

கெடு நாளன்று சித்தூர் கோர்ட்டு வராந்தாவில் அக்காவை ஒரு பெஞ்சியில் உட்கார வைத்துவிட்டு, பங்கைக் குறைத்து எழுதிய மனுவோடு நின்றிருந்தேன். தம்பி தனியாக என்னிடம் வந்தார். அவருடைய வக்கீல் கூட இல்லை. அவர் பேசியது தயங்கித் தயங்கித்தான். தான் மனுவில் சொன்ன விலை கோர்ட்டுக்காகச் சொன்னது, அந்த விலைக்கு எவனும் வாங்க மாட்டான், மண்டிக்காரன் கேட்டால் சிரிப்பான் என்றார். விலை குறைவுதான் என்று தானே எழுதிக் கொடுத்துவிடுவதாகவும், அக்கா அந்தத் துண்டோடு நிற்க வேண்டாம், பாதியை வாங்கிக்கொள்ளட்டும் என்றும் சொன்னார். சொல்லிவிட்டுத் தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். தோப்பில் மரத்தைச் சுற்றி வந்த நாளிலிருந்து அவருக்குத் தூக்கம் இல்லை என்பது பார்த்தாலே தெரிந்தது. இரு தரப்பும் சேர்ந்து கேட்டால் உத்தரவைத் திருத்திக்கொள்ள வழி இருந்தது. நான் கிட்டத்தட்ட ஓடினேன்.

அக்காவிடம் மூச்சு வாங்கச் சொன்னேன். தம்பி மனசு மாறிவிட்டார், விலை குறைவு என்று எழுதித் தருகிறார், உனக்குப் பாதி வந்துவிடும் என்றேன். அவர் முகத்தில் சந்தோஷம் வந்தது, அது தம்பி மனசு மாறியதற்கு. பிறகு தலையை ஆட்டினார்.

"வேணாம் லாயரம்மா. எங்க நைனா போனப்புறம், அந்தத் தோட்டத்த பத்தி அவன் ஒசத்தியா ஒரு வார்த்த சொல்லி நான் கேட்டதில்ல. கல்லு, மண்ணு, ஒண்ணும் இல்ல, இதேதான். நீ அன்னிக்கிப் படிச்ச பாரு, அதுலதான் சொல்லிகீறான். அத போய் அழிக்க சொல்றியா?"

அவர் அதை மனசாரச் சொல்லவில்லை அக்கா, உன்னை வழக்கிலிருந்து துரத்தத்தான் சொன்னார் என்றேன். அந்த நேரத்தில் அப்படிச் சொன்னது கொடூரம்தான், ஆனால் எனக்குப் பாதித் தோப்பு கண்முன்னால் நழுவிக்கொண்டிருந்தது.

"அது எனக்குத் தெரியாதா? இருந்தாலும் சொன்னான் இல்ல?"

நான் பெஞ்சியில் அவர் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டேன். தூணோரம் நின்று எங்களையே பார்த்துக்கொண்டிருந்த தம்பியைப் பார்த்து அவர், வேண்டாம் என்று கையை அசைத்தார். பின்னால் அந்தத் துண்டில் தகரக் கூரை போட்டு ஓர் அறை எழும்பியது. கடப்பாரை பிடித்து அஸ்திவாரம் தோண்டியது தம்பிதான் என்று கேள்விப்பட்டேன். கண் முழுக்கப் போவதற்கு முன்பே அக்கா அங்கே குடிபோய்விட்டார். தம்பி அந்தத் துண்டுக்கு வேலி போடவில்லை. ஆனால் அவரும் பாதியைக் கொடுக்கவில்லை, அக்காவும் மறுபடி கேட்கவில்லை. வழக்கு என்னவோ மனுவில் கேட்டபடி அந்தத் துண்டோடு முடிந்தது. இப்போது அக்கா இல்லை.

அந்தக் கெடு நாளில் எங்கள் வழக்கைக் கூப்பிட்டார்கள். மனுவை நீட்டினேன். நீதிபதி படித்தார், கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டு மறுபடி படித்தார். வாதியை முன்னால் வரச் சொன்னார். மதிப்பை நீங்கள் எதிர்க்கவே இல்லையே அம்மா, இவ்வளவு உயர்ந்த சொத்தில் இவ்வளவு சின்னத் துண்டு உங்களுக்குப் போதுமா என்று தெலுங்கில் கேட்டார். அக்கா முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டார். தம்பி நின்ற பக்கம் ஒருமுறை பார்த்தார்.

"சாலு சார். மஞ்சி தோட்ட" என்றார்.

போதும் ஐயா, நல்ல தோட்டம் என்று அர்த்தம். நீதிபதி எழுதிக்கொண்டார். எனக்குக் கண்ணில் நீர் முட்டியது, கோபத்திலா வேறெதிலா என்று தெரியாமல், அடுத்த வழக்கைக் கூப்பிடும்வரை அங்கேயே நின்றுகொண்டிருந்தேன்.